உங்கள் பணிப்பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறது?

பணியில் இருக்கும் அரசு ஊழியர்களுக்கும் ஆசிரியர்களுக்கும்,



அகவிலைப்படி எத்தனை சதவீதம் நிலுவை, அடுத்த ஊதிய உயர்வு எந்த மாதம், கணக்கில் ஈட்டிய விடுப்பு எத்தனை நாள் என்று கேட்டால் உங்களில் பலர் தாளைப் பார்க்காமலே சொல்லிவிடுவீர்கள். பொது வருங்கால வைப்பு நிதியான ஜி.பி.எஃப்.க்கு யார் நாமினி என்று கேட்டால் மட்டும் சற்று யோசிப்பீர்கள். "சேர்ந்த புதுசுல எழுதிக் கொடுத்தது, அம்மா பேர்தான் இருக்கும்" என்று இழுப்பீர்கள். இந்த மடல் எழுத நேர்ந்ததே அந்த இழுவையால்தான்.

பாதுகாப்புக் கணக்குத் துறையில் 2000-ஆம் ஆண்டில் சேர்ந்த ஒருவரும் அப்படித்தான் எழுதிக் கொடுத்தார். அப்போது அவருக்குத் திருமணம் ஆகவில்லை. எல்லாப் படிவத்திலும் தாயின் பெயர். 2003-இல் திருமணம் ஆனது. பிறகு பணிக்கொடைக்கும் குழுக் காப்பீட்டுக்கும் மனைவியின் பெயரை மாற்றிக் கொடுத்தார். ஜி.பி.எஃப். படிவம் மட்டும் பழையபடியே கிடந்தது. மறந்துவிட்டாரா, இதுவாவது அம்மாவுக்குப் போகட்டும் என்று வேண்டுமென்றே விட்டாரா என்பதைச் சொல்ல இன்று யாரும் இல்லை. 2021 ஜூலையில் அவர் இறந்துபோனார்.

மற்ற பலன்கள் மனைவிக்குப் போய்ச் சேர்ந்தன. ஜி.பி.எஃப். தொகைக்கு மாமியாரும் மருமகளும் எதிரெதிரே நின்றார்கள். மும்பையில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் ஆளுக்குப் பாதி என்றது. படிவத்தில் தாயின் பெயர்தானே இருக்கிறது என்று பம்பாய் உயர் நீதிமன்றம் அதை மாற்றியது. 2025 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் மறுபடியும் ஆளுக்குப் பாதி என்று முடித்து வைத்தது. கணவர் இறந்து நாலரை ஆண்டு ஆகியிருந்தது.

தீர்ப்பு எதன் மேல் நின்றது என்பதைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். அந்தப் படிவத்தில், எந்தச் சூழ்நிலையில் இந்த நாமினேஷன் செல்லாமல் போகும் என்று ஒரு கட்டம் உண்டு. அதில், குடும்பம் அமையும்போது செல்லாது என்று அவரே குறித்திருந்தார். ஆகவே தாலி கட்டிய அன்றே தாயின் நாமினேஷன் காலாவதியாகிவிட்டது. அதற்கு மேல் உயிரோடு இருந்த 18 ஆண்டுகளில் அவர் புதிதாக எதுவும் எழுதித் தரவில்லை. செல்லுபடியாகும் நாமினேஷன் இல்லாதபோது குடும்ப உறுப்பினர்களுக்குச் சமமாகப் பிரி என்பது விதி. அந்த விதியின் கணக்கில் தாயும் குடும்பம், மனைவியும் குடும்பம். அவ்வளவுதான். அந்தக் கட்டத்தில் நீங்கள் என்ன எழுதினீர்கள் என்று நினைவிருக்கிறதா? பலரும் பக்கத்து இருக்கைக்காரரின் படிவத்தைப் பார்த்து அப்படியே எழுதியிருப்பீர்கள்.

அந்த இரண்டு பெண்கள் மீதும் யாரும் குறை சொல்ல முடியாது. ஒருவருக்கு அவர் மகன், இன்னொருவருக்குக் கணவர். இரண்டு பேரிடமும் நியாயம் இருந்தது. விடை தெரிந்த ஒரே ஆள் போய்ச் சேர்ந்துவிட்டதால்தான் மூன்று மன்றங்கள் உட்கார்ந்து அவர் மனதில் இருந்ததை ஊகிக்க வேண்டியிருந்தது. இது உங்கள் வீட்டுக்கும் வரலாம் என்பதால்தான் நேரடியாக உங்களிடம் சொல்ல வேண்டியிருக்கிறது.

உங்களில் பெரும்பாலோர் நம்புவது, நாமினி யாரோ அவருக்கே பணம் என்பது. உச்ச நீதிமன்றம் 1984-இலேயே ஆயுள் காப்பீட்டு வழக்கொன்றில் அதை மறுத்துவிட்டது. பணத்தைக் கைநீட்டி வாங்கும் உரிமைதான் நாமினிக்கு. வாங்கிய பணம் வாரிசுரிமைச் சட்டப்படி யார் யாருக்குச் சேர வேண்டுமோ அவர்களுக்குச் சேர வேண்டும். பங்குப் பத்திரங்களிலும் இதே நிலைதான் என்று 2023 டிசம்பரில் சொன்னது. காப்பீட்டுச் சட்டம் மட்டும் 2015-இல் திருத்தப்பட்டு, பெற்றோர், துணை, பிள்ளைகள் நாமினியாக இருந்தால் தொகை அவர்களுக்கே உரியது என்று ஆனது. ஆக, உங்கள் பாலிசியில் ஒரு சட்டம், வங்கிக் கணக்கில் ஒரு சட்டம், பணிப்பலன்களில் துறை விதி. ஒரே மனிதர் விட்டுப்போன பணம், ஆளுக்கொரு வழியில் போகிறது.

குடும்ப ஓய்வூதியமோ இன்னும் தனி ரகம். ரயில்வே ஊழியர் ஒருவர், மனைவியோடு ஒத்துப்போகாமல், தமக்கு வரவேண்டிய பலன்களைச் சகோதரருக்கு உயில் எழுதிவிட்டு இறந்தார். அந்த உயிலைக் கையில் வைத்துக்கொண்டு சகோதரர் குடும்ப ஓய்வூதியத்தையும் கேட்டார். 1991-இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. குடும்ப ஓய்வூதியம் இறந்தவரின் சொத்தே அல்ல; கைம்பெண்ணும் சிறு பிள்ளைகளும் நிர்க்கதியாகக் கூடாது என்று அரசு வகுத்த ஏற்பாடு. தன்னுடையதல்லாத ஒன்றை ஒருவர் எப்படி உயில் எழுத முடியும்? எனவே "எல்லாத்தையும் தம்பி பேருக்கு எழுதி வச்சுட்டேன்" என்று மனைவியிடம் கோபத்தில் சொல்பவர்களே, உங்களால் முடியாத காரியத்தைச் சொல்லி மிரட்டுகிறீர்கள்.

அந்தத் தீர்ப்பு அந்த மனைவிக்கு நிம்மதி தந்தது. இதே விதி வேறொரு வீட்டில் தாயை நடுத்தெருவில் விட்டுவிடும். மனைவியோ தகுதியுள்ள பிள்ளையோ இருக்கும்வரை குடும்ப ஓய்வூதியத்தில் பெற்றோருக்கு இடமில்லை. மாதம் பிறந்தால் மகன் கையில் கொடுத்த பணத்தில் மருந்து வாங்கிய அம்மாவுக்கு அடுத்த மாதத்திலிருந்து ஒன்றும் கிடையாது. ஆனால் இறந்தவர் விட்டுச்சென்ற மற்ற சொத்துகளில், 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, தாய் முதல் வகுப்பு வாரிசு. மனைவியும் இரண்டு பிள்ளைகளும் இருந்தால் தாய்க்கு நாலில் ஒரு பங்கு. தந்தை முதல் வகுப்பில் இல்லை. பக்கத்து மேசையில் இருக்கும் கிறிஸ்தவ நண்பருக்குக் கணக்கு வேறு: பிள்ளைகள் இருந்தால் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, மீதி பிள்ளைகளுக்கு, தாய்க்கு எதுவுமில்லை. இஸ்லாமிய நண்பருக்குப் பிள்ளைகள் இருந்தால் மனைவிக்கு எட்டில் ஒன்று, தாய்க்கு ஆறில் ஒன்று. ஒரே அலுவலகம், ஒரே சம்பள விகிதம், மூன்று தாய்மார்களுக்கு மூன்று விதி. இதை எத்தனை பேர் வீட்டில் உட்கார்ந்து பேசியிருக்கிறீர்கள்?

தாயின் பங்கை மனதில் வைத்துக்கொண்டு எதுவும் எழுதாமல் இருப்பவர்கள்தான் அதிகம். மனைவிக்குத் தெரிந்தால் சண்டை வரும், அம்மாவிடம் சொன்னால் அது ஒரு பேச்சாகும். நடுவில் நிற்பவரின் சங்கடம் புரிகிறது. ஆனால் நீங்கள் தள்ளிப்போடும் அந்தச் சண்டை நின்றுவிடுவதில்லை. நீங்கள் இல்லாத நாளில், வக்கீல் வைத்து நடக்கிறது.

எப்படி நடக்கிறது என்று பாருங்கள். பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு மனைவியும் மச்சானும் அலுவலகத்துக்கு வருவார்கள். பிரிவு உதவியாளர் பீரோவைத் திறந்து பணிப்பதிவேட்டை எடுப்பார். உள்ளே துருப்பிடித்த ஊசியில் கோத்த, மடிப்பு கிழிந்த தாள். நாமினி: தாய், வயது 48. எழுதி முப்பது வருடமாகியிருக்கும். சில வீடுகளில் அந்தத் தாயே இறந்து பல வருடம் ஆகியிருக்கும். இறப்புச் சான்று, வாரிசு சான்றிதழ் இரண்டையும் கொண்டுவாருங்கள் என்பார் உதவியாளர். வாரிசு சான்றிதழுக்கு விண்ணப்பித்தால் கிராம நிர்வாக அலுவலர் தெருவில் விசாரிப்பார். அந்த விசாரணையில்தான் பல வீடுகளில் முதல் வெடி வெடிக்கும். ஆட்சேபணை மனு ஒன்று வந்துவிட்டால் வட்டாட்சியர் நீதிமன்றத்தைக் கைகாட்டிவிடுவார். இதற்குள் எதிர்த்தரப்பு வக்கீலின் நோட்டீஸ் அலுவலகத்துக்கும் வந்திருக்கும்: என் கட்சிக்காரருக்குத் தெரியாமல் எவருக்கும் பணம் தரக் கூடாது.

நோட்டீஸைப் பார்த்த எந்த அலுவலரும் கோப்பில் கையெழுத்துப் போடமாட்டார். தணிக்கையில் பதில் சொல்வது யார்? தேனாம்பேட்டையில் இருக்கும் மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போக வேண்டிய கருத்துரு, 'வாரிசுப் பிரச்சினை நிலுவை' என்ற குறிப்போடு மேசையிலேயே தங்கிவிடும். அந்த அலுவலரைத் திட்டிப் பயனில்லை. அவர் இடத்தில் நீங்கள் இருந்தாலும் அதைத்தான் செய்வீர்கள்; செய்திருக்கிறீர்கள்.

அப்புறம் 1925-ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டப்படி நீதிமன்றத்தில் வாரிசுரிமைச் சான்றிதழ் கேட்டு மனு. வட்டாட்சியர் தரும் வாரிசு சான்றிதழும் இதுவும் வேறு வேறு என்பதே பல குடும்பங்களுக்கு அப்போதுதான் தெரியவரும். தொகைக்கேற்ப நீதிமன்றக் கட்டணம், வக்கீல் கட்டணம், வாய்தா. சான்றிதழ் கையில் வந்தாலும் முடிந்தது என்று சொல்லிவிட முடியாது. அந்த விசாரணை சுருக்கமானது என்பதால், அதே உரிமையைக் கேட்டுத் தனி உரிமையியல் வழக்குப் போட அதே சட்டம் எதிர்த்தரப்புக்கு இடம் தருகிறது. அதற்குள் கல்லூரிக் கட்டணம் கட்டும் தேதி போயிருக்கும், கந்துவட்டிக்கு வாங்கியிருப்பார்கள். பணம் வரும்போது அதில் பாதி கடனுக்கே சரியாக இருக்கும்.

சங்கடமான இன்னொரு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். ஓய்வூதியப் பலன் வழக்குகளில் மிகவும் சிக்கலானவை இரண்டு குடும்பம் உள்ளவர்களால் வருபவை. முதல் மனைவி உயிரோடு இருக்க இரண்டாவது திருமணம் செய்யக் கூடாது என்று தமிழ்நாடு அரசு ஊழியர் நடத்தை விதிகளின் 19-ஆவது விதி சொல்கிறது. உங்களுக்குத் தெரியாததல்ல. தெரிந்தேதான் சிலர் பணிப்பதிவேட்டில் ஒரு பெயரும் ரேஷன் அட்டையில் இன்னொரு பெயருமாக ஓய்வு பெறும்வரை ஓட்டிவிடுகிறார்கள். சக ஊழியர்களுக்கும் தெரியும், கிரகப்பிரவேசத்துக்குப் போய்ச் சாப்பிட்டும் வந்திருப்பார்கள். எவரும் வாய் திறப்பதில்லை.

பீகார் அரசில் உயர் பதவியில் இருந்த ஒருவர் 1987-இல் இறந்தார். முதல் மனைவிக்கு ஒரு மகன். 1963-இல் மணந்ததாகச் சொல்லப்பட்ட இரண்டாமவருக்கு நான்கு மகன்கள். குடும்ப ஓய்வூதியமும் பணிக்கொடையும் யாருக்கு என்ற வழக்கு 2000 ஜனவரியில்தான் உச்ச நீதிமன்றத்தில் தீர்ந்தது. இரண்டாவது திருமணம் சட்டப்படி செல்லாது, எனவே அந்த அம்மாவுக்கு ஒன்றுமில்லை. ஆனால் இந்துத் திருமணச் சட்டத்தின் 16-ஆவது பிரிவு அந்த மகன்களைச் சட்டபூர்வமான பிள்ளைகளாகவே கருதுவதால் அவர்களுக்குப் பங்கு உண்டு. குடும்ப ஓய்வூதியமோ அவர்கள் மேஜராகும்வரை மட்டும். இருபது வருடத்துக்கு மேல் சமைத்துப் போட்டு, நான்கு பிள்ளைகள் பெற்று வளர்த்த பெண், அரசின் கணக்கில் யாருமில்லை. இதற்குப் பொறுப்பு அந்தப் பெண்ணா, தன் உத்தியோக வாழ்க்கை முழுவதும் இதை மறைத்து வைத்த அவரா?

2008-இல் வந்த வேறொரு வழக்கையும் இதோடு வைத்துப் பார்க்க வேண்டும். பொதுத்துறை நிலக்கரி நிறுவன ஊழியர் ஒருவர் இரண்டாமவரை நாமினியாக எழுதியிருந்தார். அவர்களுக்கு நான்கு பிள்ளைகள். முதல் மனைவிக்குப் பிள்ளை இல்லை. உச்ச நீதிமன்றம் வாரிசுரிமைச் சான்றிதழை நாமினியான இரண்டாமவருக்கே கொடுத்தது. முதல் மனைவிக்கு ஐந்தில் ஒரு பங்கைக் காப்பாற்றி வைத்தது. அங்கே ஒரு படிவம் முறையாக எழுதப்பட்டிருந்ததால், பிள்ளைகளைப் பெற்றவர் வெறுங்கையோடு திரும்பவில்லை. படிவம் திருமணத்தைச் செல்லுபடியாக்காது. இருந்தாலும் பணம் யார் கைவழியாகப் பிள்ளைகளுக்குப் போகும் என்பதில் அதற்கு எடை இருந்தது.

முதல் மனைவியைப் 'பிரிந்துவிட்டேன்' என்று சொல்பவர்களுக்கு ஒரு வார்த்தை. ஊர்ப் பெரியவர்கள் முன்னால் இருபது ரூபாய் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டுத் தீர்த்துக்கொண்டது, நோட்டரி முத்திரை குத்திய விடுதலைப் பத்திரம், இவை விவாகரத்து ஆகாது. உங்கள் சமூகத்தில் வழக்கப்படியான மணமுறிவு உண்டு என்றால் அந்த வழக்கத்தை நீதிமன்றத்தில் நிரூபித்தாக வேண்டும். அதை நீங்கள் இறந்தபின் நிரூபிக்கும் சுமை இரண்டாமவர் தலையில் விழும். விவாகரத்து வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே நீங்கள் இறந்தால், தீர்ப்பு வராதவரை முதலாமவர்தான் உங்கள் மனைவி. அது நியாயமா என்பது வேறு பேச்சு. சட்டம் அப்படித்தான் இருக்கிறது.

பெண் ஊழியர்களே, இதுவரை ஆண்களிடம் பேசியது போலத் தோன்றியிருக்கலாம். உங்களுக்கும் இதில் இருக்கிறது. கணவரைப் பிரிந்து வாழ்ந்த ஊழியர் ஒருவர் நாமினியாகக் கணவர் பெயரை எழுதாமலே இறந்தார். விதிப்படி கணவர் குடும்பத்தில் அடக்கம், எனவே குடும்ப ஓய்வூதியம் அவருக்கே என்று 1999-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மத்திய அரசு இதில் 2024 ஜனவரியில் ஒரு கதவைத் திறந்திருக்கிறது: விவாகரத்து வழக்கோ, குடும்ப வன்முறை அல்லது வரதட்சணைப் புகாரோ நிலுவையில் இருந்தால், கணவருக்கு முன்பாகப் பிள்ளைகளுக்குக் குடும்ப ஓய்வூதியம் தரும்படி பெண் ஊழியர் எழுதிக் கொடுக்கலாம். கவனியுங்கள், எழுதிக் கொடுத்தால்தான். மத்திய அரசுப் பணியில் இருந்துகொண்டு, அடி வாங்கிய தடத்தை மறைத்தபடி அலுவலகம் வரும் உங்கள் தோழிக்கு இதை யாராவது சொன்னீர்களா?

2003 ஏப்ரல் முதல் தமிழக அரசுப் பணியில் சேர்ந்து பங்களிப்பு ஓய்வூதியத் திட்டமான சி.பி.எஸ்.-இல் வந்தவர்கள், இதெல்லாம் பழைய ஓய்வூதியக்காரர்களின் தலைவலி என்று இருந்துவிட வேண்டாம். உங்கள் பிடித்தமும் அரசின் பங்கும் வட்டியும் சேர்ந்த தொகைக்கும் நாமினி உண்டு. மொத்தமாக வரும் பணத்துக்குத்தான் சண்டை சீக்கிரம் மூளும்.

ஆகவே உங்களிடம் கேட்பது இவைதான். இந்த மாதத்துக்குள் உங்கள் பணிப்பதிவேட்டைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். பார்க்க உங்களுக்கு உரிமை உண்டு. ஜி.பி.எஃப். அல்லது சி.பி.எஸ்., பணிக்கொடை, குடும்பப் பாதுகாப்பு நிதி என ஒவ்வொன்றுக்கும் தனித்தனிப் படிவம். ஒன்றை மாற்றினால் மற்றது தானாக மாறாது என்பதைத்தான் பாதுகாப்புக் கணக்குத் துறை ஊழியரின் வழக்கு காட்டியது. திருமணம், குழந்தை, விவாகரத்து, நாமினியின் மரணம், இவற்றில் எது நடந்திருந்தாலும் புதிதாக எழுதுங்கள். தாய்க்கு ஒரு பங்கு என்று நினைத்தால் விதி இடம் தரும் படிவத்தில் சதவீதம் போட்டு எழுதுங்கள். இடம் தராத இடத்தில் வங்கி வைப்பாகவோ காப்பீடாகவோ அவருக்கென்று இப்போதே செய்யுங்கள். திருமணத்தைப் பதிவு செய்யாமல் இருந்தால் பதிவு செய்யுங்கள். சுயமரியாதைத் திருமணம் இந்த மாநிலத்தில் சட்டப்படி செல்லும். ஆனால் பதிவுச் சான்று இல்லாத ஒரு கைம்பெண், முப்பது வருடத்துக்கு முந்தைய கல்யாணத்தைப் பழைய ஆல்பத்தைக் காட்டி நிரூபிக்கும்படி நேரும்.

தத்து எடுக்கும் எண்ணம் இருந்தால் அதையும் இருக்கும்போதே செய்யுங்கள். 1993-இல் ஓய்வுபெற்று 1994-இல் இறந்த மத்திய அரசு ஊழியர் ஒருவரின் மனைவி, 1996-இல் ஒரு மகனைத் தத்தெடுத்தார். அந்த மகனுக்குக் குடும்ப ஓய்வூதியம் கிடையாது என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஊழியரின் குடும்பமாக அவன் ஒரு நாளும் இருந்ததில்லை என்பது காரணம்.

ஏற்கெனவே உங்கள் குடும்பத்திலோ நண்பர் குடும்பத்திலோ வழக்கு நடந்துகொண்டிருந்தால், இரு தரப்பையும் சமரச மையத்துக்கோ மக்கள் நீதிமன்றத்துக்கோ அழைத்துப் போங்கள். நீதிமன்றத்தோடு இணைந்த சமரச மையம் இந்தியாவிலேயே முதலில், 2005-இல், சென்னை உயர் நீதிமன்றத்தில்தான் வந்தது. மக்கள் நீதிமன்றத்தில் முடிந்தால் கட்டிய நீதிமன்றக் கட்டணம் திரும்பக் கிடைக்கும், மேல்முறையீடும் இல்லை. தாய்க்கு இவ்வளவு, மனைவிக்கு இவ்வளவு என்று ஒரு தாளில் எழுதி ஒரே நாளில் கையெழுத்தான வழக்குகள் உண்டு.

சங்கப் பொறுப்பில் இருப்பவர்களிடம் தனியாக ஒரு கோரிக்கை. ஓய்வூதியம் குறித்த நகரா வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் தீர்ப்பு 1982 டிசம்பர் 17-இல் வந்தது; அந்த நாளை ஓய்வூதியர் தினமாகக் கொண்டாடி மாலை போட்டு, பேசிக் கலைகிறீர்கள். இந்த டிசம்பர் 17 அன்று அதே மண்டபத்தில், பணியில் இருப்பவர்களையும் வரவழைத்து, நான்கு மேசை போட்டு நாமினேஷன் படிவங்களை அடுக்கி வையுங்கள். ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர்கள் உங்களிடம் நிறையப் பேர் இருக்கிறார்கள். எந்தக் கட்டத்தில் என்ன எழுத வேண்டும் என்பது அவர்களுக்கு மனப்பாடம். அவர்களை ஒவ்வொரு மேசையிலும் உட்காரவையுங்கள். ஊழியர்கள் கணவன் மனைவியாக வரட்டும், முடிந்தால் தாயையும் அழைத்து வரட்டும். நிரப்பிய படிவத்தை மறுநாள் அலுவலகத்தில் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள். பணிப்பதிவேட்டில் பதிவு ஏறியதா என்று பொங்கலுக்குள் ஒருமுறை சரிபார்க்கவும் சொல்லுங்கள்.